அப்பாவின் பிஸ்கட் டின்னில் எவையெல்லாம் நிதிச் சொத்து?

பிறைவாசி:
வணக்கம். அப்பா தவறி நாற்பது நாள்கள் ஆகின்றன. அவர் பத்திரங்களைப் போட்டு வைத்திருந்த பிஸ்கட் டின்னைத் திறந்து, எல்லாவற்றையும் தரையில் பரப்பி வைத்துக்கொண்டு எழுதுகிறேன். வழக்கறிஞர் அலுவலகத்தில் நிதிச் சொத்துகளைத் தனிப் பட்டியலாக எழுதி வரச் சொன்னார்கள்.

இருப்பவை இவை: தோட்டத்தில் வேலை பார்த்த காலத்தில் சிறுகச் சிறுகக் கட்டிய தேசிய நில நிதிக் கூட்டுறவுச் சங்கப் பங்கு, அமானா சஹாம் மலேசியா கணக்குப் புத்தகம், சேமநிதி அறிக்கை, அவருடைய மோதிரம், அம்மாவின் எட்டுப் பவுன் சங்கிலி, பிறையில் உள்ள இந்த வீடு. பினாங்கு லிட்டில் இந்தியாவில் அவர் வைத்திருந்த பூமாலைக் கடைக்காக உரிமையாளரிடம் கொடுத்த 2,400 வெள்ளி (ரிங்கிட்) முன்பணத்தின் ரசீதும் இருக்கிறது. சித்தப்பாவுக்கு 4,000 வெள்ளி கொடுத்ததாகச் சிறிய நோட்டில் எழுதியிருக்கிறார். கையெழுத்து எதுவும் இல்லை.

தங்கத்தைத்தான் முதலில் எழுத வேண்டும் என்கிறான் தம்பி. எந்த அடகுக்கடையிலும் அரை மணி நேரத்தில் காசாகிவிடும் என்பது அவன் வாதம். எனக்குப் பதில் சொல்லத் தெரியவில்லை.

செந்தூல் கணக்கர்:
அப்பாவின் மறைவுக்கு என் அனுதாபங்கள், சகோதரி. இருபது ஆண்டுகளாகக் கணக்கு எழுதுகிறவன் என்பதால் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன்.

விரைவில் காசாகும் என்பதற்காக ஒரு பொருள் நிதிச் சொத்து ஆகிவிடாது. மலேசிய நிறுவனங்கள் பின்பற்றும் எம்எஃப்ஆர்எஸ் 132 என்ற கணக்கியல் தரநிலையின்படி ரொக்கம் நிதிச் சொத்து. இன்னொரு நிறுவனத்தில் உள்ள பங்கு நிதிச் சொத்து. இன்னொருவரிடமிருந்து பணம் பெற ஒப்பந்தம் தரும் உரிமையும் நிதிச் சொத்து. தங்கம் ஒரு பண்டம். விற்றால் பணம் வரும், ஆனால் அதை உங்களுக்குத் தர வேண்டிய கடமை எவருக்கும் கிடையாது. மோதிரமும் வீடும் சொத்துகள்தாம், நிதிச் சொத்துகள் அல்ல. சங்கிலி அம்மாவுடையது என்கிறீர்கள். அப்படியானால் அது அப்பாவின் எந்தப் பட்டியலிலும் வரவே கூடாது. இதில் தயவுசெய்து உறுதியாக இருங்கள்.

கடைப் பணத்தில்தான் பலர் தவறுகிறார்கள். கடையைக் காலி செய்ததும் உரிமையாளர் ரொக்கமாகத் திருப்பித் தர வேண்டிய வைப்புத்தொகை என்றால் அது நிதிச் சொத்து. அதில் ஒரு பகுதி முன்கூட்டியே கட்டிய வாடகை என்றால், அந்தப் பகுதிக்குக் கிடைப்பது பணமன்று, இடத்தைப் பயன்படுத்தும் உரிமை மட்டுமே. ரசீதில் என்ன எழுதியிருக்கிறது என்று பாருங்கள்.

சித்தப்பாவின் கடனும் பட்டியலில் வரும். ஒப்பந்தம் எழுத்தில் இருந்தாக வேண்டும் என்று அந்தத் தரநிலை கேட்பதில்லை. நிரூபிப்பது வேறு விஷயம். அதை வழக்கறிஞரிடம் கேளுங்கள்.

பூச்சோங் மோகன்:
கணக்கர் ஐயா, பணம் தர வேண்டிய கடமை இன்னொருவருக்கு இருக்க வேண்டும் என்றால் பங்கு எப்படிச் சேரும்? பங்குதாரருக்கு இவ்வளவு தந்தே ஆக வேண்டும் என்று எந்த நிறுவனத்துக்கும் கட்டாயம் இல்லையே.

செந்தூல் கணக்கர்:
சரியான கேள்வி. அதனால்தான் பங்கைக் கடனோடு சேர்க்காமல் தனியாகச் சொல்கிறார்கள். பங்குதாரருக்கு உரியது கடன்களெல்லாம் போக எஞ்சுவதில் ஒரு பாகம். அது பூச்சியமாகவும் இருக்கலாம்.

சுங்கை சிப்புட் தோட்டத்துப் பிள்ளை:
அந்தக் கூட்டுறவுப் பங்கைப் பற்றி ஒரு வார்த்தை. வெள்ளைக்கார முதலாளிகள் தோட்டங்களை விற்று, அவை துண்டாடப்பட்டு நம் மக்கள் வேலையும் வீடும் இழந்த காலத்தில், 1960இல், அப்போது அமைச்சராக இருந்த துன் சம்பந்தன் தொடங்கிய சங்கம் அது. மாதம் பத்து வெள்ளி கட்டிப் பங்கு சேர்த்தார்கள். என் தாய்க்கு அந்தப் பத்து வெள்ளி பெரிய பணம். சங்கம் வாங்கிய நிலம் சங்கத்துக்குச் சொந்தம். உங்கள் அப்பாவின் கையில் இருந்தது நிலமன்று, பங்கு. ஆகவே அது நிதிச் சொத்து. உறுப்பினர் எண்ணோடு சங்கத்துக்கு எழுதிக் கேளுங்கள், தள்ளிப்போடாதீர்கள்.

செந்தூல் கணக்கர்:
இரண்டு விஷயங்கள் விட்டுப்போயின. அமானா சஹாம் மலேசியா யூனிட்டின் விலை எப்போதும் 1 வெள்ளிதான் என்பதால் பலர் அதை வங்கிச் சேமிப்பு என்று நினைக்கிறார்கள். அது முதலீட்டு நிதி. ஒரு வங்கியில் ஒருவருக்கு 250,000 வெள்ளி வரை கிடைக்கும் வைப்புக் காப்புறுதி அதற்குக் கிடையாது. இன்னொன்று, சேமநிதியில் அப்பா யாருடைய பெயரையாவது நியமித்திருக்கிறாரா? அப்பா முஸ்லிம் அல்லாதவர் என்றால் அந்தப் பணம் நேராக நியமிக்கப்பட்டவருக்கே போகும். அதனால் அதைப் பட்டியலில் எழுதுவதற்கு முன் விசாரியுங்கள்.

பிறைவாசி:
எல்லோருக்கும் நன்றி. ரசீதில் 1,600 வெள்ளி வைப்பு, 800 வெள்ளி முதல் மாத வாடகை என்று பிரித்தே எழுதியிருக்கிறது. இவ்வளவு நாள் நான் மொத்தத் தொகையை மட்டும்தான் பார்த்திருக்கிறேன். சேமநிதியில் அம்மாவின் பெயர் இருக்கிறது. சங்கிலியை இன்று காலையே அம்மாவிடம் கொடுத்துவிட்டேன், தம்பியும் ஒன்றும் சொல்லவில்லை. சித்தப்பாவிடம் ஞாயிற்றுக்கிழமை அந்த நோட்டை எடுத்துப் போகிறேன்.