மானிடவியலுக்குக் ‘காலனிய நீக்கம்’ பொருந்துமா?

நண்பர்களுக்கு வணக்கம்.

மனித சமூகங்களையும் பண்பாடுகளையும் ஆராயும் மானிடவியல் போன்ற ஒரு துறை, காலனிய ஆட்சி விட்டுச்சென்ற பார்வைகளிலிருந்து விடுபடுவதையும் ஆங்கிலத்தில் decolonization என்கிறார்கள். அதைத் தமிழில் எப்படிச் சொல்வது என்பதுதான் கேள்வி. ‘காலனி நீக்கம்’ வேண்டாம் என்பதில் எனக்கு ஐயமில்லை. வாய்விட்டுச் சொன்னால் செருப்பைக் கழற்றச் சொல்வது போலிருக்கிறது. எழுத்தில் ஒரு னகரம் பிசகினாலே போதும். ‘குடியேற்ற நீக்கம்’ அதைவிடச் சிக்கல். வந்து குடியேறியவர்களை விரட்டுவது என்றுதான் புதிதாகப் படிப்பவர் எடுத்துக்கொள்வார். சரி, முன்பாதி ‘காலனியம்’ என்றே இருக்கட்டும். மானிடவியலா மானுடவியலா என்ற சண்டையை இன்னொரு நாள் வைத்துக்கொள்வோம்.

என் தயக்கம் ‘நீக்கம்’ மேல்தான். ஒரு நாட்டிலிருந்து அந்நிய ஆட்சியை நீக்கினால் கொடி இறங்கிய தேதியைக் குறித்து வைக்கலாம். ஒரு துறைக்கு அப்படித் தேதி கிடையாது. மானிடவியல் மேலை ஏகாதிபத்தியத்தின் பிள்ளை என்று மானிடவியலாளர் கேத்லீன் கஃப் 1968இல் எழுதினார். பிள்ளையிடமிருந்து பெற்றவளின் சாயலை எப்படி நீக்குவது?

அந்தச் சாயல் துறையின் சொற்களிலேயே இருக்கிறது. ஆய்வாளருக்கு உள்ளூர் விவரங்களைச் சொல்பவரைக் குறிக்கும் ‘தகவலாளி’யை (informant) பாருங்கள். கனடாவின் மேற்குக் கரையில் வாழும் குவாக்வாக்காவாக்கு மக்களைப் பற்றி மானிடவியலாளர் ஃபிரான்ஸ் போவாஸ் வெளியிட்டவற்றுக்கு அடித்தளம், அந்த மக்களிடையே வளர்ந்த ஜார்ஜ் ஹன்ட் பல பத்தாண்டுகள் எழுதி அனுப்பிய ஆயிரக்கணக்கான பக்கங்கள். கதைகளைக் கேட்டு எழுதியவர், பொருள் சொன்னவர், அருங்காட்சியகங்களுக்குப் பொருள்களைத் திரட்டியவர் எல்லாம் அவரே. சில நூல்களில் அவர் பெயரும் உண்டு. ஆனாலும் அமெரிக்க மானிடவியலின் தந்தை என்ற பட்டம் போவாஸுக்கு. ஹன்ட்டுக்குக் கிடைத்தது ‘தகவலாளி’. அதை அப்படியே தமிழுக்கும் கொண்டுவந்துவிட்டோம். ‘உடனாய்வாளர்’ என்று எழுத யார் தடுத்தார்கள்?

ஆகவே என் பரிந்துரை ‘காலனியக் களைவு’. களையெடுப்பு ஒரு முறையோடு முடிவதில்லை. எது களை, எது பயிர் என்று அந்த மண்ணில் புழங்கிய கைக்குத்தான் தெரியும். வினையாக்குவதும் எளிது: காலனியம் களைதல், காலனியம் களைந்த பாடத்திட்டம்.

குறையும் உண்டு. களை என்றதும் பயிர் நல்ல பயிர்தான் என்றாகிவிடுகிறது. கஃப் ஒப்புக்கொண்டிருப்பாரா, சந்தேகம்தான். அப்புறம், கல்வி ஆய்வாளர்கள் ஈவ் டக்கும் கே. வெய்ன் யாங்கும் 2012இல் எழுப்பிய எதிர்ப்பு இருக்கிறது: பூர்வகுடிகளிடமிருந்து பறித்த நிலத்தைத் திருப்பித் தருவதே decolonization என்பதன் பொருள், கல்வித் திருத்தங்களுக்கெல்லாம் இதை உருவகமாக்காதீர்கள் என்றார்கள். நான் சொல்வதோ சுத்த உருவகம்! அதனால் நிலம் பேசப்படும் இடத்தில் ‘நில மீட்பு’ என்றே வெளிப்படையாக எழுதிவிட்டு, களைவைத் துறைக்குள் மட்டும் வைத்துக்கொள்ளலாம்.

‘நீக்கம்’ புழக்கத்துக்கு வந்துவிட்டது, மாற்ற வேண்டாம் என்பவர்களிடம் ஒரு கேள்வி: நாட்டு விடுதலைக்கும் துறையின் தன்திருத்தத்துக்கும் ஒரே சொல் ஏன் போதும்?