ஹோம்ஸ் வம்சமும் மோரியார்ட்டி வம்சமும்: ‘தி லாஸ்ட் ஆஃப் ஆகஸ்ட்’ துப்பறியும் நாவல்தானா? – வாசகர் விவாதம்

பழையபதிப்பு

பிரிட்டனி கவல்லாரோவின் ஷார்லட் ஹோம்ஸ் வரிசையில் முதல் நாவலான ‘எ ஸ்டடி இன் ஷார்லட்’ (2016) எனக்குப் பிடித்திருந்தது. ஷெர்லாக் ஹோம்ஸும் டாக்டர் வாட்சனும் உண்மையில் வாழ்ந்தவர்கள் என்று வைத்துக்கொண்டு, அவர்களுடைய இன்றைய வழித்தோன்றல்களான ஷார்லட்டையும் ஜேமியையும் பதின்ம வயதில் கனெக்டிகட் மாநிலத்து உறைவிடப் பள்ளி ஒன்றில் சந்திக்க வைக்கிறது அக்கதை. சக மாணவன் ஒருவன் கொல்லப்படுகிறான். ஹோம்ஸைப் படைத்த ஆர்தர் கோனன் டாயிலின் கதைகளைப் பார்த்து அரங்கேற்றியவை போன்ற குற்றங்கள் தொடர்கின்றன. பழி இவ்விருவர் மீதும் விழுகிறது. ஒரு பள்ளி, சில சந்தேக நபர்கள், கண்ணெதிரே கிடக்கும் தடயங்கள் என்று அந்நாவலுக்குத் தெளிவானதொரு எல்லை இருந்தது.

அடுத்த ஆண்டு வந்த ‘தி லாஸ்ட் ஆஃப் ஆகஸ்ட்’ நாவலில் அந்த எல்லை கலைந்துவிட்டது. சசெக்ஸிலுள்ள ஹோம்ஸ் குடும்ப மாளிகையிலிருந்து ஷார்லட்டின் சிற்றப்பா லியாண்டர் காணாமற்போகிறார். அவரைத் தேடி இருவரும் பெர்லினுக்கும் பிராகுக்கும் போகிறார்கள். பின்னணியில் ஓவியப் போலிகள் செய்யும் கும்பல் ஒன்று இருக்கிறது. இவ்வளவு நல்ல சரக்கை வைத்துக்கொண்டு, பக்கங்களில் பெரும்பகுதியை இருவருக்குமிடையிலான ஊடலுக்கும் மௌனத்துக்கும் ஆசிரியர் கொடுத்துவிட்டார். புதிர் அவிழும்போது, இதை நாமும் கண்டுபிடித்திருக்கலாமே என்ற ஏமாற்றம் கலந்த மகிழ்ச்சி எனக்குக் கிடைக்கவில்லை. வாசகரோடு நேர்மையாக ஆடாத ஆட்டத்தைத் துப்பறியும் நாவல் என்று அழைக்கலாமா என்பதே என் கேள்வி.

ரேகை

வாசகருக்கு எல்லாத் தடயங்களையும் காட்டிவிட வேண்டும் என்ற விதியை எழுத்தாளர் ரொனால்ட் நாக்ஸ் துப்பறியும் கதைகளுக்கான தம் பத்துக் கட்டளைகளில் ஒன்றாக எழுதியது 1929-இல். டாயிலின் கடைசி ஹோம்ஸ் கதை அச்சானதோ 1927-இல். பின்னால் வந்த சட்டத்தைக் கொண்டு ஹோம்ஸ் மரபை அளப்பது நியாயமாகப் படவில்லை. 1887-இல் வெளியான டாயிலின் முதல் ஹோம்ஸ் நாவலிலேயே, குற்றவாளியைப் பிடித்து விலங்கிட்ட பிறகுதான் கதை யூட்டா பாலைவனத்துக்குப் போய், நாம் ஊகித்திருக்கவே முடியாத முன்கதையைச் சொல்கிறது. ‘சிங்கத்தின் பிடரி’ கதையில் ஹோம்ஸ் எப்போதோ படித்த புத்தகம் ஒன்று நினைவுக்கு வந்ததால்தான் மர்மம் தீர்கிறது. இவற்றையெல்லாம் பொறுத்துக்கொண்ட நாம், ஒரு பெண் எழுத்தாளர் பதின்ம வயதினருக்காக எழுதும்போது மட்டும் தராசைத் தூக்குகிறோம்.

ஊடல், மௌனம் என்று நீங்கள் சுருக்கிச் சொன்னது ஊடலே இல்லை. முதல் நாவலில் கொல்லப்பட்ட மாணவன் ஷார்லட்டை வன்புணர்வு செய்தவன். பெரும்பாலான கதைகளில் இத்தகைய கொடுமை, நாயகிக்கு ஒரு சோகப் பின்னணியைக் கொடுத்துவிட்டு அடுத்த அத்தியாயத்தில் மறைந்துபோகும். கவல்லாரோ அதை மறையவிடவில்லை. தான் முழுதாக நம்பும் ஒருவன் கைநீட்டினாலும் உடல் ஏன் பின்வாங்குகிறது என்று அவளாலேயே விளக்க முடியாத நிலையை இரண்டாம் நாவல் பொறுமையாகப் பின்தொடர்கிறது.

தேனீப்பண்ணை

(ஹோம்ஸ் ஓய்வுபெற்றுச் சசெக்ஸில் தேனீ வளர்க்கப் போனதால் எனக்கு இந்தப் பெயர், வேறு தகுதி ஏதுமில்லை.)

என் மனக்குறை வேறிடத்தில் இருக்கிறது. டாயிலின் உலகத்தில் சிறார் துப்பறிவாளர்கள் ஏற்கெனவே இருந்தார்கள். விக்கின்ஸ் தலைமையில் லண்டன் தெருக்களில் திரிந்த அந்தப் பையன்களுக்கு நாளொன்றுக்கு ஒரு ஷில்லிங் கூலி. தேடிய பொருளை முதலில் கண்டவனுக்கு ஒரு கினி கூடுதல். எந்த வீட்டு வாசலிலும் யாரும் பொருட்படுத்தாத ஏழைகளாக இருந்ததே அவர்களுடைய ஆயுதம். இன்றைய மறுபுனைவுகள் அந்த விக்கின்ஸை விட்டுவிட்டு மாளிகைப் பிள்ளைகளையே பிடித்துக்கொள்கின்றன. இந்நாவலில் ஷார்லட்டின் அண்ணன் மைலோ பெர்லினில் தனியார் பாதுகாப்பு நிறுவனம் ஒன்றையே நடத்துகிறான். கதை எங்கே முட்டிக்கொண்டு நின்றாலும் அவனுடைய ஆட்களும் கண்காணிப்புக் கருவிகளும் வந்து தள்ளிவிடுகிறார்கள். அவ்வளவு வசதி இருந்தால் மூளைக்கு என்ன வேலை?

பழையபதிப்பு

மைலோவைப் பற்றித் தேனீப்பண்ணை சொன்னதை அப்படியே வழிமொழிகிறேன்.

ரேகை அவர்களுக்கு: பெண் எழுத்தாளர் என்பதால் தராசு தூக்கவில்லை, முதல் நாவலை எழுதியதும் அவர்தான், அதைப் புகழ்ந்துதான் தொடங்கினேன். ஷார்லட்டின் காயத்தை ஊடல் என்ற சொல்லில் அடக்கியிருக்க வேண்டாம் என்பது சரி. ஆனால் டாயில் நேர்மையற்றவர் என்பதை ஏற்க மாட்டேன். ‘புள்ளிப் பட்டை’ கதையை எடுத்துக்கொள்ளுங்கள். விசில் ஒலிக்கு வந்துபோகும் பாம்பு என்பது விலங்கியலில் நிற்காது. ஆயினும் இழுத்தால் ஒலிக்காத மணிக்கயிறு, அடுத்த அறைக்குத் திறக்கும் காற்றுத்துளை, தரையோடு அசையாமல் பொருத்திய கட்டில், பெட்டகத்தின் மேல் பால் கிண்ணம் என ஒவ்வொன்றும் விடை வருமுன்னரே நம் கண்முன் வைக்கப்படுகிறது. நாம் பார்த்தோம், கவனிக்கவில்லை. தோற்றது நாம்.

கவல்லாரோ எடுத்துக்கொண்ட பொருளோ இதற்கெல்லாம் இடம் கொடுப்பது. 1930-களின் ஜெர்மானிய ஓவியராக ஒருவரைக் கற்பனை செய்து, அவர் பெயரில் புழங்கும் போலிகளைச் சுற்றிக் கதை பின்னுகிறார். ஜெர்மனியில் நிஜமாகவே நடந்ததைப் பாருங்கள். வோல்ஃப்காங் பெல்ட்ராக்கி என்பவர் இருபதாம் நூற்றாண்டுத் தொடக்கத்து ஓவியர்களின் பெயரில் போலிகள் செய்து பல ஆண்டுகள் விற்றார். 1914-இல் காம்பெண்டோங்க் தீட்டியதாகச் சொல்லி 2006-இல் சுமார் 29 லட்சம் யூரோவுக்கு ஏலம்போன படத்தில், அக்காலத்து ஓவியர்களுக்குக் கிடைத்திராத டைட்டானியம் வெள்ளை நிறமி இருந்ததை ஆய்வு காட்டிக்கொடுத்தது. சட்டகத்தின் பின்னால் ஒட்டிய பொய்யான சேகரிப்பாளர் முத்திரைகளும் அம்பலமாயின. 2011-இல் கொலோன் நீதிமன்றம் அவருக்குச் சிறைத்தண்டனை விதித்தது. ஒரு நிறமித் துணுக்கும் ஒரு முத்திரைத் தாளும்! வேதியியலில் தோய்ந்த ஹோம்ஸ் குடும்பத்துப் பெண்ணுக்கு இதைவிடப் பொருத்தமான வழக்கு உண்டா? நாவலில் ஓவியம் ஒரு திரைச்சீலையாகத் தொங்குகிறதே தவிர, அதன் நிறத்தைச் சுரண்டிப் பார்க்க ஆசிரியருக்கு ஆவல் இல்லை.

ரேகை

பெல்ட்ராக்கி வழக்கை வைத்து நீங்கள் எதிர்பார்க்கும் நாவலை நானும் விரும்பிப் படிப்பேன். ஆனால் கவல்லாரோ ஓவியத்தைத் தேர்ந்ததற்குக் காரணம் நிறமியில் இல்லை, இரத்தத்தில் இருக்கிறது.

‘கிரேக்க மொழிபெயர்ப்பாளர்’ (1893) கதையில் ஹோம்ஸ் தம் பாட்டி பிரெஞ்சு ஓவியர் வெர்னேயின் சகோதரி என்றும், கலை இரத்தத்தில் ஊறினால் விநோதமான வடிவங்களை எடுக்கும் என்றும் சொல்கிறார். ‘அச்சப் பள்ளத்தாக்கு’ நாவலில், ஹோம்ஸின் பரம எதிரியும் ஆண்டுக்கு எழுநூறு பவுண்டு சம்பளம் வாங்குபவருமான பேராசிரியர் மோரியார்ட்டியின் அறையில் க்ரூஸ் வரைந்த விலைமதிப்பற்ற ஓவியம் தொங்குவதைச் சுட்டிக்காட்டி, இந்தப் பணம் எங்கிருந்து வந்தது என்று ஹோம்ஸ் கேட்கிறார். ஆக, இரு குடும்பங்களுக்கும் ஓவியத்தோடு உள்ள உறவு டாயில் போட்ட விதைதான்.

இதே டாயில்தான் மோரியார்ட்டிக்குப் பரம்பரையாகவே கொடிய இயல்பு இருந்ததென்று ‘இறுதிப் புதிர்’ கதையில் ஹோம்ஸைச் சொல்ல வைத்தார். மோரியார்ட்டியின் கையாளான மோரனைப் பிடிக்கும் கதையிலோ, ஒவ்வொரு மனிதனும் தன் வளர்ச்சியில் மூதாதையர் வரிசை முழுவதையும் திரும்ப நடித்துக் காட்டுகிறான் என்றொரு கொள்கையையே ஹோம்ஸ் முன்வைக்கிறார். விக்டோரியா காலத்து அறிவியல் மயக்கம் அது. வழித்தோன்றல்களை வைத்துக் கதை எழுதும் எவரும் அந்தக் கொள்கையை ஏற்க வேண்டும், அல்லது எதிர்க்க வேண்டும். கவல்லாரோ எதிர்க்கிறார். அந்தப் பேராசிரியரின் வழித்தோன்றலான ஆகஸ்ட் மோரியார்ட்டி ஷார்லட்டுக்குக் கணிதம் சொல்லிக்கொடுக்க வந்த நல்லவன். அவன் தன் காதலை ஏற்காததால் அவன் வாழ்க்கையைக் குலைத்தவள் ஹோம்ஸ் குடும்பத்துப் பெண். யார் வீட்டில் நஞ்சு இருக்கிறது என்ற கேள்வியே இந்நாவலின் புதிர். அதற்கான தடயங்கள் எல்லா அத்தியாயங்களிலும் கிடக்கின்றன.

கோடைமழை

மூன்றாவது நாவலின் பின்னட்டையிலேயே அச்சிட்டிருப்பதால் இதைச் சொல்வதில் தவறில்லை: ஆகஸ்ட் இறந்துவிடுகிறான். பரம்பரைக் கொள்கையை எதிர்க்கும் ஒரே சாட்சியைக் கொன்றுவிட்ட கதை, அக்கொள்கையை எதிர்க்கிறது என்று எப்படிச் சொல்வது? அவனுடைய உடன்பிறந்தவர்கள் வழக்கமான வில்லன்களாகவே வந்துபோகிறார்கள். ஹாட்ரியனும் பிலிப்பாவும் போலி ஓவியத் தொழிலில் இருக்கிறார்கள், லூசியன் பழிவாங்கத் துடிக்கிறான். பெயரைப் பார்த்தவுடன் யார் குற்றவாளி என்று தெரிந்துவிடுகிற இடத்தில் மர்மம் எங்கே வாழும்?

பழையபதிப்பு

கோடைமழை கேட்டதற்கு ரேகையின் பதிலை எதிர்பார்க்கிறேன். அதோடு இன்னொன்று. ஹோம்ஸை உணர்ச்சிக் கொந்தளிப்பில் ஆழ்த்துவது மரபுக்குப் பொருந்தாது என்ற என் கருத்தில் மாற்றமில்லை. அவருக்கு உணர்ச்சி, நுண்ணிய கருவியில் மணல் விழுந்தது போல என்று வாட்சனே எழுதிவைத்த குணம் அது.

ரேகை

அதே வாட்சன், ‘மூன்று கேரிடெப்கள்’ கதையில் தாம் குண்டடிபட்டபோது ஹோம்ஸின் உதடுகள் நடுங்கியதைக் கண்டு, அந்தப் பார்வைக்காக எத்தனை காயமும் படலாம் என்று பூரித்துப்போகிறார். ஹோம்ஸுக்கு உணர்ச்சி உண்டா என்பது வழக்குமன்றம் வரை போன விஷயம். ஹோம்ஸின் தங்கையாகப் பின்னாளில் கற்பனை செய்யப்பட்ட எனோலாவைப் பற்றிய படத்தை எதிர்த்து 2020-இல் டாயிலின் வாரிசுரிமை நிறுவனம் தொடுத்த வழக்கில், பரிவு காட்டும் ஹோம்ஸ் 1923-க்குப் பிந்தைய கதைகளில்தான் தோன்றுகிறார், அக்கதைகளின் உரிமை இன்னும் எங்களிடமே என்று வாதிட்டார்கள். அவ்வழக்கு அந்த ஆண்டிலேயே கைவிடப்பட்டது. பரிவே இல்லாதவர் என்று அவர்களும் சொல்லவில்லை என்பதைக் கவனியுங்கள்.

கோடைமழைக்கு: ஆகஸ்டைச் சுடும் கை எந்தக் குடும்பத்தின் கை என்று பாருங்கள். நாவலைப் படிக்காதவர்களுக்காகப் பெயரைச் சொல்லாமல் விடுகிறேன்.

கோடைமழை

பார்த்தேன். அதையும் ஆள் தெரியாமல் நடந்த பிழையாக ஆக்கிவிட்டாரே ஆசிரியர்? ஹோம்ஸ் வீட்டார் அறிந்தே ஒரு கொலை செய்தார்கள் என்று எழுதியிருந்தால் உங்கள் வாதத்தை ஒப்புக்கொண்டிருப்பேன்.

தேனீப்பண்ணை

மூன்றாவதான ‘தி கேஸ் ஃபார் ஜேமி’யில் ஷார்லட்டும் ஜேமியும் மாறி மாறிக் கதை சொல்கிறார்கள்; இரண்டாவதில் ஜேமிக்குப் புரியாமல் போனதற்கு அங்கே அவள் பக்கத்துக் காரணம் கிடைக்கிறது. பழையபதிப்பு அதைப் படித்துவிட்டு வந்தால் மேலும் பேசலாம்.

பழையபதிப்பு

படிக்கிறேன். ஆனால் ‘பாஸ்கர்வில்’லின் புதிரைப் புரிந்துகொள்ள அடுத்த புத்தகம் வாங்கும்படி டாயில் யாரையும் கேட்டதில்லை.