ஓரிகன் மாநிலத்தில் ஒரு பக்கம் அடர்காடும் மறுபக்கம் வறண்ட நிலமும் இருப்பது எதனால்?

உடுமலை வாசகர்:

அனைவருக்கும் வணக்கம். மகளும் மருமகனும் அமெரிக்காவின் ஓரிகன் மாநிலத்தில், போர்ட்லாந்துக்கு அருகே ஹில்ஸ்பரோவில் பணிபுரிகிறார்கள். வரும் ஜூன் மாதம் நானும் என் மனைவியும் அங்கே சென்று மூன்று மாதங்கள் தங்கவிருக்கிறோம். மருமகன் அனுப்பும் படங்களைப் பார்த்ததிலிருந்து எனக்கு ஓர் ஐயம். ஒரு படத்தில் பாசி படர்ந்த மரங்களும் அருவியுமாக இருக்கிறது. மற்றொன்றில் மூலனூர்ப் பக்கத்துக் கொறங்காடு என்னும் மேய்ச்சல் நிலங்களைவிடவும் காய்ந்த நிலம், கண்ணுக்கெட்டிய வரை ஒரு மரம்கூட இல்லை. இரண்டும் ஒரே மாநிலம், காரில் சில மணி நேரப் பயணம்தான் என்கிறார். இவ்வளவு வேறுபாடு எப்படி வந்தது? அந்த மாநிலத்தின் வரலாற்றையும் அறிந்துகொண்டு செல்ல விரும்புகிறேன். வணிக வளாகங்களைச் சுற்றிவிட்டுத் திரும்புவதில் எனக்கு நாட்டமில்லை.

ஆனைமலை அடிவாரம்:

ஐயா, உடுமலைக்காரருக்கு இதை விளக்குவது எளிது. தென்மேற்குப் பருவக்காற்று வால்பாறையிலும் சின்னக்கல்லாற்றிலும் மழையைக் கொட்டிவிட்டு, ஈரமிழந்த வெறுங்காற்றாக மூலனூரை வந்தடைவதைப் போலத்தான் அங்கும் நடக்கிறது. பசிபிக் பெருங்கடலிலிருந்து வரும் ஈரக்காற்றை முதலில் கடலோர மலைத்தொடர் தடுக்கிறது. அங்கே சில இடங்களில் ஆண்டுக்கு 250 செ.மீ.க்கும் மேல் மழை பெய்கிறது. எஞ்சியதை, மாநிலத்தை வடக்கு தெற்காகப் பிளந்து நிற்கும் காஸ்கேட் மலைத்தொடர் வாங்கிக்கொள்கிறது. இரண்டுக்கும் இடையிலுள்ள வில்லமெட் பள்ளத்தாக்கில் அமைந்த போர்ட்லாந்துக்கு ஏறத்தாழ 90 செ.மீ. கிடைக்கும்போது, காஸ்கேடுக்குக் கிழக்கேயுள்ள பெண்ட் நகரம் 30 செ.மீ. அளவோடு நின்றுவிடுகிறது. மாநிலப் பரப்பில் பெரும்பகுதி இந்த வறண்ட கிழக்குதான் என்பதைப் பச்சைப் படங்களையே பார்த்துப் பழகியவர்கள் எளிதில் நம்புவதில்லை.

ஆனால் ஒப்பீட்டை அதற்குமேல் நீட்டக் கூடாது. அங்கே மழைக்காலம் குளிர்காலமே. நீங்கள் செல்லும் ஜூலை, ஆகஸ்ட் மாதங்களில் மேற்குப் பகுதியிலும் மழை அரிது. மேலும், நம் மலைகள் எரிமலைகள் அல்ல. காஸ்கேடோ, கடலடிப் பாறைத்தட்டு ஒன்று கண்டத்துக்கு அடியில் நுழைந்து அமிழ்வதால் உருவான எரிமலைத் தொடர். ஏறத்தாழ 7,700 ஆண்டுகளுக்கு முன் அதிலிருந்த மசாமா என்னும் மலை வெடித்து, உள்ளிருந்த பாறைக்குழம்பு வெளியேறிய வெற்றிடத்துக்குள் தானே இடிந்து விழுந்தது. அந்தப் பள்ளத்தில் பனியும் மழையும் மட்டுமே நிரம்பி உண்டானதுதான் கிரேட்டர் ஏரி. ஆறு எதுவும் அதற்குள் வருவதுமில்லை, அதிலிருந்து வெளியேறுவதுமில்லை. 592 மீட்டர் ஆழமுள்ள அதுவே அமெரிக்காவின் மிக ஆழமான ஏரி. 1902இல் தேசியப் பூங்காவாக அறிவிக்கப்பட்டது.

வரலாறு கேட்டீர்கள் அல்லவா? அதுவும் மசாமா வெடித்தபோது படிந்த சாம்பலுக்கு அடியில்தான் தொடங்குகிறது. 1938இல் லூதர் கிரஸ்மன் என்னும் மானுடவியலாளர் ஃபோர்ட் ராக் குகையை அகழ்ந்தபோது, புதர்ச்செடியின் பட்டையால் பின்னிய செருப்புகள் பல, மசாமாவின் சாம்பல் அடுக்குக்குக் கீழே கிடைத்தன. அவை 9,000 ஆண்டுகளுக்கும் மேல் பழமையானவை எனப் பின்னர் கணிக்கப்பட்டது. மலை வெடிப்பதற்கு முன்பே அங்கே மக்கள் வாழ்ந்தார்கள் என்பதற்கு இதைவிடத் தெளிவான சான்று வேண்டியதில்லை. கிளாமத் பழங்குடியினரோ, பாதாளத்தின் தலைவனும் வானுலகத்தின் தலைவனும் மோதிய போராக அந்த வெடிப்பைத் தம் வாய்மொழி மரபில் வைத்திருக்கிறார்கள்.

பெருந்துறையிலிருந்து பீவர்ட்டன்:

மேலே உள்ளவர் எழுதியதோடு கொலம்பியா ஆற்றுப் பள்ளத்தாக்கையும் சேர்த்துக்கொள்ளுங்கள். மருமகன் அனுப்பிய அருவிப் படம் பெரும்பாலும் அங்குள்ள 189 மீட்டர் உயர மல்ட்னோமா அருவியாக இருக்கலாம். கடந்த பனியூழியின் இறுதியில், மொன்டானாப் பகுதியில் பனிக்கட்டியே அணையாக நின்று தேக்கிய ஒரு மாபெரும் ஏரி பலமுறை உடைத்துக்கொண்டு, அந்த வெள்ளம் முழுவதும் இந்த வழியே பாய்ந்திருக்கிறது. வில்லமெட் பள்ளத்தாக்கின் வளமான வண்டலில் ஒரு பகுதி அந்த வெள்ளம் கொண்டுவந்து சேர்த்ததே. 1923இல் ஹார்லன் பிரெட்ஸ் இக்கருத்தை வெளியிட்டபோது நிலவியலாளர்கள் ஏளனம் செய்தனர். 1979இல் அவருக்கு அத்துறையின் உயரிய பென்ரோஸ் பதக்கம் கிடைத்தது.

அந்த வண்டல் மண்ணைத் தேடித்தான் 1843 முதல் ஆயிரக்கணக்கானோர் மிசூரியிலிருந்து ஏறத்தாழ 3,500 கி.மீ. தூரம் மாட்டு வண்டிகளில் வந்தார்கள். வறண்ட கிழக்கில் யாரும் நிற்கவில்லை. அதைக் கடந்து பள்ளத்தாக்கை அடைவதே நோக்கமாக இருந்தது. 1846இல் பிரிட்டனோடு எல்லை ஒப்பந்தம் ஏற்பட்டது; 1850ஆம் ஆண்டுச் சட்டம் வெள்ளையர் ஒருவருக்கு 320 ஏக்கரும் தம்பதியருக்கு 640 ஏக்கரும் விலையின்றி வழங்கியது. பழங்குடியினரோடு நில உடன்படிக்கைகள் முடிவடையும் முன்பே இது நடந்தது என்பதை மறக்கக் கூடாது. 1859 பிப்ரவரி 14 அன்று ஓரிகன் 33ஆவது மாநிலமானபோது அதன் அரசமைப்பு அடிமை முறையைத் தடை செய்தது. கறுப்பின மக்கள் புதிதாகக் குடியேறுவதையும் அதே அரசமைப்பு தடை செய்தது. அந்தப் பிரிவு 1926இல்தான் நீக்கப்பட்டது. வண்டிகளின் வீரக்கதையை மட்டும் சொல்லும் காட்சிக்கூடங்களில் நுழைந்தால், இந்த ஆண்டுகளை மனத்தில் வைத்துக்கொண்டு பார்ப்பது நல்லது.

நொய்யல் கரை:

செலிலோ அருவியைப் பற்றி யாரும் சொல்லவில்லையே. கொலம்பியா ஆற்றில், பல்லாயிரம் ஆண்டுகளாகப் பழங்குடியினர் மரப்பரண்களில் நின்று சால்மன் மீன் பிடித்த இடம் அது. பல இனத்தார் கூடும் பெருஞ்சந்தையும் அங்கேயே நடந்தது. 1957இல் டாலஸ் அணையின் மதகுகளை மூடிய சில மணி நேரத்தில் அருவி நீருக்குள் மூழ்கியது. இன்று பார்ப்பதற்கு அங்கே அமைதியான நீர்ப்பரப்பு மட்டுமே உண்டு. இருந்தாலும் அந்த வழியாகச் செல்லும்போது வண்டியை நிறுத்திப் பார்க்கலாம்.

உடுமலை வாசகர்:

மிக்க நன்றி. இரண்டு கேள்விகள் எஞ்சியுள்ளன. நம் நாட்டவருக்கும் அம்மாநிலத்துக்கும் பழைய தொடர்பு ஏதேனும் உண்டா? கிரேட்டர் ஏரிக்கு ஜூனிலேயே போகலாமா?

பெருந்துறையிலிருந்து பீவர்ட்டன்:

தொடர்பு உண்டு, ஐயா. கொலம்பியா கடலில் கலக்கும் இடத்திலுள்ள அஸ்டோரியா, 1811இல் மென்மயிர்த் தோல் வணிகத்துக்காக அமைக்கப்பட்ட ஊர். அங்குள்ள மர அறுவை ஆலைகளில் நூறாண்டுகளுக்கு முன் பஞ்சாபித் தொழிலாளர்கள் பணிபுரிந்தார்கள். 1913இல் அவர்கள் கூடிய கூட்டத்தில்தான் பின்னாளில் கதர்க் கட்சி (இங்கே ‘கதர்’ துணியைக் குறிப்பதன்று, கிளர்ச்சி என்று பொருள்) என்று அறியப்பட்ட இந்திய விடுதலை அமைப்பு உருவெடுத்தது. சோகன் சிங் பக்னா அதன் தலைவரானார், லாலா ஹர்தயாளும் உடனிருந்தார். ஓரிகன் ஆலைகளில் உழைத்து, முதல் உலகப் போரில் அமெரிக்கப் படையிலும் பணியாற்றிய பகத் சிங் திண்டுக்கு இங்குள்ள நீதிமன்றம் 1920இல் குடியுரிமை வழங்கியது. 1923இல் உச்ச நீதிமன்றம் அவர் வெள்ளையர் அல்லர் என்று கூறி அதை மறுத்துவிட்டது. ஹில்ஸ்பரோவிலிருந்து அஸ்டோரியா இரண்டு மணி நேரத் தொலைவே ஆதலால் முதல் வாரத்திலேயே போய் வரலாம்.

ஏரிக்கு ஜூனில் அவசரப்பட வேண்டாம். அங்கே ஆண்டுக்குச் சராசரியாக 40 அடிக்கு மேல் பனி விழுவதால், ஏரியைச் சுற்றிச் செல்லும் சாலை முழுவதும் திறக்கப் பெரும்பாலும் ஜூலை ஆகிவிடும். ஆகஸ்ட் பிற்பகுதிக்குத் தள்ளினால் காட்டுத்தீயின் புகை ஏரியையே மறைத்துவிடக்கூடும். எனவே ஜூலை நடுப்பகுதியே ஏற்றது. புறப்படும் முன் பூங்காவின் இணையதளத்தில் சாலை நிலவரத்தை மருமகனைப் பார்த்துவிடச் சொல்லுங்கள்.