பேஸ்பாலில் ஒரு ரன் பின்தங்கிய ஒன்பதாம் இன்னிங்ஸில் பண்ட் செய்வது புத்தியா, புத்திகெட்டதனமா?

பாலைப்பாம்பு:
வேறொரு திரியில் கணக்கப்பிள்ளை அவர்கள் போகிற போக்கில் ஒரு தீர்ப்பை எழுதி வைத்திருக்கிறார். கடைசியான ஒன்பதாம் இன்னிங்ஸில் ஒரு ரன் பின்தங்கி, முதல் பேஸில் ரன்னர் நிற்கும்போது பண்ட் செய்யச் சொல்கிற, அதாவது தான் அவுட்டானாலும் பரவாயில்லை என்று பந்தை மெல்லத் தட்டி ரன்னரை அடுத்த பேஸுக்கு நகர்த்தச் சொல்கிற மேனேஜர், எதிரணி கேட்காமலேயே ஓர் அவுட்டைத் தானம் செய்கிறார் என்பது முதல் வாக்கியம். பெரிய ஆட்டம் எதையும் எவரும் பண்ட்டால் வென்றதில்லை என்பது இரண்டாவது. முதலாவதைப் பொறுத்துக்கொண்டேன், இரண்டாவதைப் பொறுக்க முடியவில்லை.

2001 நவம்பர் 4 அன்று பீனிக்ஸில் நடந்த, அமெரிக்க பேஸ்பால் கோப்பைக்கான உலகத் தொடரின் ஏழாவது ஆட்டத்தை அவர் பார்க்கவே இல்லையா, பார்த்தும் வசதியாக மறந்துவிட்டாரா? ஒன்பதாம் இன்னிங்ஸில் நியூயார்க் யாங்கீஸ், எங்கள் அரிசோனாவைவிட 2-1 என்று முன்னிலையில் இருந்தது. பந்து வீசும் மேட்டில் நின்றவர் யாங்கீஸின் மரியானோ ரிவேரா. அரிசோனாவின் மார்க் கிரேஸ் அடித்து முதல் பேஸை அடைந்தார். அவருக்குப் பதிலாக ஓட டெலுச்சி வந்தார். அடுத்து வந்த டேமியன் மில்லர் மட்டையை வீசாமல், பந்தை மெல்லத் தட்டித் தரையில் உருளவிட்டார். அதை எடுத்த ரிவேரா இரண்டாம் பேஸுக்கு எறிந்த பந்து, அங்கே பிடிக்க வந்த ஜீட்டரைத் தாண்டி வெளிவட்டத்தின் நடுப்பகுதிக்கு ஓடியது. ஒருவர்கூட அவுட்டாகாமல் இரண்டு ரன்னர்கள். அந்த இன்னிங்ஸ் முடிந்தபோது ஆட்டம் 3-2, கோப்பை அரிசோனாவுக்கு. மில்லரின் பண்ட்தான் அந்தக் கோப்பை. இதற்கு மறுப்பு இருந்தால் எழுதட்டும்.

கணக்கப்பிள்ளை:
மறுப்பு உங்கள் பதிவிலேயே இருக்கிறது. ரிவேரா பந்தைத் தவறாக எறிந்தார் என்று நீங்களே எழுதியிருக்கிறீர்கள். அதற்குப் பெயர் பிழை. ஆட்டப் பதிவேட்டிலும் அது பிழையாகத்தான் ஏறியிருக்கிறது. எதிரணி செய்த பிழையை நம் மேனேஜரின் மதிநுட்பம் என்று கொண்டாடுவது நியாயமா?

2010 முதல் 2015 வரையிலான மேஜர் லீக் ஆட்டங்களைத் தொகுத்த அட்டவணை சொல்வது இதுதான். எவரும் அவுட்டாகாமல் முதல் பேஸில் ஒருவர் நின்றால், அந்த இன்னிங்ஸில் ஒரு ரன்னாவது வருவதற்கு வாய்ப்பு ஏறக்குறைய 42 விழுக்காடு. பண்ட் எண்ணியபடியே நடந்து, ஒருவர் அவுட்டாகி, இரண்டாம் பேஸில் ஒருவர் நின்றால் அது ஏறக்குறைய 40. வர வேண்டிய மொத்த ரன்களின் சராசரியோ 0.86-லிருந்து 0.66-க்கு இறங்கிவிடுகிறது. அதாவது பண்ட் வெற்றிகரமாக முடிந்தாலும் நட்டம், தவறினால் பெருநட்டம். அரிசோனாவுக்கு அன்று தேவைப்பட்டவை இரண்டு ரன்கள் என்பதையும் நினைவில் கொள்ளுங்கள்.

பாலைப்பாம்பு:
அட்டவணை வந்துவிட்டது; வராமல் இருந்தால்தான் வியப்பு. உங்கள் அட்டவணையில் பந்து வீசுபவர் யார் ஐயா? எல்லா அணிகளின் எல்லாப் பிட்சர்களையும் ஒன்றாகக் கொட்டிக் கலக்கிய ஒரு சராசரி மனிதர். அன்று நின்றவர் ரிவேரா. கடைசி நொடியில் பக்கவாட்டில் விலகும் அவருடைய கட்டர் பந்துக்கு மட்டைகள் ஒடிந்து விழும். அப்படிப்பட்டவரிடம் அடுத்தடுத்து இரண்டு மூன்று அடிகள் கிடைக்கும் என்று காத்திருப்பதைவிட, அவரையே குனிந்து பந்தை எடுத்துத் திரும்பி எறியும்படி செய்வது எவ்வளவு மேல்! பந்து வீசுவதில் அவர் அரசர். அவசரத்தில் திரும்பி எறிவதிலும் அரசர் என்று யார் சொன்னது? பிழை தானாக வருவதில்லை, வரவழைக்கப்படுகிறது. அதை வரவழைத்தது மில்லரின் பண்ட்.

எடிசன்வாசி:
இருபது ஆண்டுகளுக்கு மேலாகியும் அந்த ஓர் எறியைச் சொல்லியே பிழைப்பு நடத்துகிறவர்கள் இருக்கிறார்கள் என்பதை நினைத்தால் யாங்கீஸ் ரசிகனான எனக்குப் பெருமையாகத்தான் இருக்கிறது. ரிவேராவிடம் வேறு குறை கிடைக்கவில்லை போலும்.

அன்று தோல்வியைக் கொண்டுவந்தது பண்ட்டும் இல்லை, பிழையும் இல்லை. ஆட்டம் சமமாகி மூன்று பேஸ்களிலும் ரன்னர்கள் நிற்க, எங்கள் மேனேஜர் ஜோ டோரி உள்வட்ட ஃபீல்டர்களை முன்னால் வரச் சொன்னார். லூயிஸ் கொன்சாலஸ் அடித்தது பலவீனமான அடி. ஜீட்டர் வழக்கமான இடத்தில் நின்றிருந்தால் பந்து அவர் கையில் வந்து விழுந்திருக்கும். இடதுகை ஆட்டக்காரரின் உடம்பை ஒட்டி ரிவேரா வீசும்போது இப்படி நேரக்கூடும் என்று தொலைக்காட்சி வர்ணனையில் டிம் மெக்கார்வர் அதற்குச் சற்று முன்புதான் எச்சரித்திருந்தார். நெருக்கமான ஆட்டத்தை வெல்வதும் தோற்பதும் ஃபீல்டர்களை எங்கே நிறுத்துகிறோம் என்பதில்தான் இருக்கிறது.

பாலைப்பாம்பு:
ஃபீல்டர்கள் ஏன் முன்னால் வந்தார்கள்? மூன்றாம் பேஸில் ஜே பெல் நின்றதால். பெல் எப்படி அங்கே வந்தார்? மில்லருக்கு அடுத்து அவரும் பண்ட் செய்ததால். வெற்றி ரன்னை ஓடி எடுத்தவர் அதே பெல். எங்கே தொட்டாலும் பண்ட்டில்தான் வந்து நிற்கிறீர்கள், எடிசன்வாசி. பிழைப்பைப் பற்றிப் பேச வேண்டாம். பணத்தைக் கொட்டி வாங்கிய அணியை ஆதரிப்பவர்களுக்கு எங்களைப் போன்றவர்களின் ஒரே கோப்பை உறுத்துவது இயல்புதான்.

கணக்கப்பிள்ளை:
பெல்லின் பண்ட்டைப் பற்றி நீங்களே பேச்செடுத்ததற்கு நன்றி. அந்தப் பண்ட் ரிவேராவின் கைக்கே நேராகப் போனது. அவர் மூன்றாம் பேஸுக்கு எறிய, டெலுச்சி அவுட்டானார். ஆக, திட்டமிட்டபடி ரன்னர் முன்னேறவில்லை. முன்னால் நின்ற ரன்னரையே பலிகொடுத்தார்கள். மூன்றாம் பேஸில் பந்தைப் பிடித்த புரோசியஸ் அதைக் கையிலேயே வைத்துக்கொண்டு நின்றுவிட்டார். அவர் முதல் பேஸுக்கு எறிந்திருந்தால் பெல்லும் அவுட்டாகியிருக்கக்கூடும். உங்கள் வெற்றி ரன் அங்கேயே முடிந்திருக்கும். ஆக ஒரு பண்ட்டைக் காப்பாற்றியது ரிவேராவின் பிழை, இன்னொன்றைக் காப்பாற்றியது புரோசியஸின் தயக்கம். பிறகு ஆட்டத்தைச் சமன் செய்தது என்ன? டோனி வோமேக் மட்டையை முழுதாக வீசி அடித்து, இரண்டாம் பேஸ் வரை ஓடிய இரட்டை அடி.

அதே வோமேக் அதே ஆண்டு அக்டோபரில், செயின்ட் லூயிஸுக்கு எதிரான ஐந்தாவது ஆட்டத்தின் ஒன்பதாம் இன்னிங்ஸில், மூன்றாம் பேஸில் நிற்பவரை ஓடி வரச் செய்து ரன் எடுக்கும் ஸ்குவீஸ் பண்ட்டைத் தவறவிட்டார். மூன்றாம் பேஸிலிருந்து ஓடி வந்தவர் அதனால் அவுட்டானார். பிறகு அவர் மட்டையை வீசியபோதுதான் வெற்றி ரன் வந்தது. உங்கள் அணியே இரண்டு முறை உங்களுக்குப் பாடம் நடத்தியிருக்கிறது.

புதிய வாசகன்:
குறுக்கிடுவதற்கு மன்னிக்கவும். நெருக்கமான ஆட்டம் என்று எதைக் குறிப்பிடுகிறீர்கள்? ஒரு ரன் வித்தியாசத்தில் முடிவதையா, கடைசி இன்னிங்ஸ் வரை ஒரு ரன் வித்தியாசத்தில் நடப்பதையா? 8-1 என்று இருந்து கடைசியில் 8-7 ஆன ஆட்டமும் இதில் சேருமா? இதை முதலில் முடிவு செய்துகொண்டால் பேசுவதற்கு எளிதாக இருக்குமே.

பாலைப்பாம்பு:
புதியவர்கள் பழைய திரிகளைப் படித்துவிட்டு வருவது நல்லது.

கணக்கப்பிள்ளை அவர்களே, செயின்ட் லூயிஸ் ஆட்டத்தைப் பாதி சொல்லிப் பாதியை விழுங்கிவிட்டீர்கள். வோமேக்குக்கு முன்னால் ரன்னரை மூன்றாம் பேஸுக்கு நகர்த்தியது யார்? டேமியன் மில்லர். எப்படி? பண்ட்டால். மில்லரிடம் பந்தைத் தட்டச் சொன்னால் அவர் தட்டுவார். எங்கள் மேனேஜர் பாப் பிரென்லி அதை அறிந்திருந்தார். அட்டவணை அதை அறியாது.

பகடைமன்னன்:
அந்த ஒன்பதாம் இன்னிங்ஸைக் கணினி பேஸ்பாலில் அதே வீரர்களை வைத்துப் பலமுறை ஆடிப் பார்த்தேன். மில்லரைப் பண்ட் செய்யச் சொன்னால் பெரும்பாலும் யாங்கீஸ்தான் வெல்கிறது. அடிக்கச் சொன்னாலும் யாங்கீஸ்தான் வெல்கிறது, ஆனால் சற்றுக் குறைவாக. ரிவேரா என்றால் அப்படித்தான். மெய்யான ஆட்டம் ஒரே முறை நடந்தது என்பதற்காக அதை மட்டும் சான்றாக எடுத்துக்கொள்ள முடியாது.

பாலைப்பாம்பு:
கணினியில் இருக்கும் ரிவேராவுக்கு அது உலகத் தொடரின் ஏழாவது ஆட்டம் என்று தெரியுமா? மைதானமே எழுந்து நின்று கத்துவது அவருக்குக் கேட்குமா? அவருக்குப் பின்னால் ஒரு சதவீதக் கணக்கு மட்டும்தான் இருக்கிறது. தவிர, நம்முடைய கணினி லீக்கில் தோற்கும் நிலை வந்ததும், சேமித்து வைத்த இடத்திலிருந்து ஆட்டத்தை மறுபடி தொடங்குகிறவர் என்று பெயர் எடுத்தவர் தாங்கள். தங்கள் சோதனை முடிவுகளை நான் எந்த நம்பிக்கையில் ஏற்பது?

பகடைமன்னன்:
மின்சாரம் நின்றதால் மறுபடி தொடங்கினேன் என்று அப்போதே விளக்கம் கொடுத்தேன். லீக்கின் பொறுப்பாளர் என்ற முறையில், வீரர்களை மாற்றிக்கொள்வதற்கான கெடுவைத் தமக்கு வசதியாக ஒரு வாரம் தள்ளி வைத்தவர் யார் என்று நான் இங்கே எழுத வேண்டுமா?

கான்சாஸ் மருமகள்:
உங்கள் லீக் சண்டையை லீக்கிலேயே வைத்துக்கொள்ளுங்கள். 2014 செப்டம்பர் 30 அன்று எங்கள் கான்சாஸ் சிட்டி ராயல்ஸ், ஓக்லாண்டை வென்றதைப் பற்றி ஒருவரும் பேசவில்லை என்பது வருத்தமாக இருக்கிறது. எட்டாம் இன்னிங்ஸில் 7-3 என்று பின்தங்கியிருந்த அணி, 12-ஆம் இன்னிங்ஸில் 9-8 என்று வென்றது. ஏழு பேர் ஆளுக்கு ஒரு பேஸ் திருடினார்கள், அதாவது பிட்சர் பந்து வீசும்போதே ஓடி அடுத்த பேஸைப் பிடித்தார்கள். ஒன்பதாம் இன்னிங்ஸில் ஒரு ரன் தேவைப்பட்டபோது ஜாரட் டைசன் ஓட வந்தார். இரண்டாம் பேஸில் நின்றபோது அவர் மூன்றாம் பேஸைத் திருடினார். ஆவோகி ஆழமாக அடித்த பந்து பிடிபட்டபோது டைசன் ஓடி வந்து ஆட்டத்தைச் சமன் செய்தார். கால்தான் வெல்கிறது, மட்டையைத் தட்டுவதா வீசுவதா என்பது இரண்டாம் பட்சம்.

பாலைப்பாம்பு:
அம்மையாருக்கு நன்றி. முதல் பேஸில் நின்ற டைசன் இரண்டாம் பேஸுக்கு எப்படிப் போனார் என்பதை மட்டும் எழுத மறந்துவிட்டார். எஸ்கோபார் பண்ட் செய்தார். ஒன்பதாம் இன்னிங்ஸ், ஒரு ரன் பின்தங்கிய நிலை, முதல் பேஸில் ரன்னர், எவரும் அவுட்டில்லை. மில்லர் நின்ற நிலைக்கும் இதற்கும் மயிரிழை வேறுபாடும் கிடையாது. கணக்கப்பிள்ளை இதற்கு என்ன சொல்கிறார்? இந்த முறை பிழைகூட நடக்கவில்லையே!

கான்சாஸ் மருமகள்:
நான் மறக்கவில்லை, பொருட்படுத்தவில்லை. இரண்டாம் பேஸில் ஒருவர் அவுட்டான நிலையில் நின்றுகொண்டு, அவுட்டானால் எங்கள் ஆட்டமே ஏறக்குறைய முடிந்துவிடும் என்று தெரிந்தும் மூன்றாம் பேஸுக்குப் பாய்ந்த டைசனின் துணிச்சலை உங்கள் பண்ட்டின் கணக்கில் வரவு வைக்க நான் சம்மதிக்கவில்லை. என் சான்றை எடுத்து எனக்கே பாடம் சொல்ல வேண்டாம்.

கணக்கப்பிள்ளை:
அம்மையார் சொல்வது சரி. பண்ட் செய்யாமல் வென்றவர்களையும் பார்ப்போம். 2004 அக்டோபரில் பாஸ்டனில் யாங்கீஸுக்கு எதிராக நடந்த நான்காவது ஆட்டம்: அதே ரிவேரா, அதே ஒன்பதாம் இன்னிங்ஸ், அதே ஒரு ரன். பாஸ்டனின் கெவின் மில்லார், ரிவேரா நான்கு பந்துகளை எல்லைக்கு வெளியே வீசியதால் அடிக்காமலே முதல் பேஸுக்குப் போனார். அவருக்குப் பதிலாக வந்த டேவ் ராபர்ட்ஸைக் கட்டிப்போட ரிவேரா மூன்று முறை முதல் பேஸுக்கு எறிந்தார். அடுத்து அவர் வீசிய முதல் பந்திலேயே ராபர்ட்ஸ் இரண்டாம் பேஸைத் திருடினார். முல்லர் அடித்தார், ஆட்டம் சமம். 12-ஆம் இன்னிங்ஸில் ஓர்டிஸின் ஹோம் ரன். ஓர் அவுட்டைக்கூடத் தானம் செய்யவில்லை.

2023 மார்ச்சில் மியாமியில் ஜப்பானும் மெக்சிகோவும் மோதிய உலக பேஸ்பால் கிளாசிக் அரையிறுதியையும் எடுத்துக்கொள்ளுங்கள். 5-4 என்று பின்தங்கிய ஜப்பானுக்கு, எவரும் அவுட்டாகாமல் இரண்டு பேர் பேஸ்களில் நின்றார்கள். அடுத்து வந்த முராகாமி அன்று அதுவரை ஒரு அடிகூட அடிக்கவில்லை. மூன்று முறை ஸ்டிரைக் அவுட்டாகியிருந்தார். பண்ட்டுக்கு இதைவிடப் பொருத்தமான தருணம் பாலைப்பாம்பின் கனவில்கூட வராது. மேனேஜர் குரியாமா அவரை அடிக்க விட்டார். இருவருமே ஓடி வந்தார்கள், 6-5.

எடிசன்வாசி:
2004-ஐ இழுக்காமல் எந்த விவாதமும் இங்கே முடிவதில்லை. நெருக்கமான ஆட்டங்களை வெல்வது நல்ல குளோசர்தான், அதாவது கடைசியில் வந்து முன்னிலையைக் காப்பாற்றும் பிட்சர்தான் என்பதற்குச் சான்று வேண்டுமானால் 2016-ஐப் பாருங்கள். அந்த ஆண்டு 47 வாய்ப்புகளில் 47-ஐயும் காப்பாற்றிய பிரிட்டனை, மாற்று பிட்சர்கள் காத்திருக்கும் புல்பென்னிலேயே உட்கார வைத்துவிட்டு, 11-ஆம் இன்னிங்ஸில் ஹிமெனஸைப் பந்து வீச அனுப்பினார் பால்டிமோரின் மேனேஜர் ஷோவால்டர். டொராண்டோவின் என்கார்னாசியோன் மூன்று ரன் ஹோம் ரன் அடித்து ஆட்டத்தை முடித்தார். ரிவேராவைப் போன்ற ஒருவரை வைத்திருப்பதும், உரிய நேரத்தில் அவரை அனுப்புவதும்தான் உத்தி.

கணக்கப்பிள்ளை:
பால்டிமோர் என்றதும் நினைவுக்கு வருகிறது. 2012-இல் ஒரு ரன் வித்தியாச ஆட்டங்களில் அவர்கள் 29 வென்று 9 தோற்றார்கள். ஷோவால்டருக்கு ஏதோ இரகசியம் தெரியும் என்று எல்லோரும் எழுதினார்கள். மறு ஆண்டு அதே மேனேஜரின் கீழ் 20 வென்று 31 தோற்றார்கள். இரகசியம் எங்கே போயிற்று? டெக்சாஸ் 2016-இல் 36 வென்று 11 மட்டும் தோற்றது. எடுத்த ரன்னுக்கும் கொடுத்த ரன்னுக்கும் இடையில் ஆண்டு முழுவதற்குமான வேறுபாடு வெறும் 8. பிறகு டொராண்டோவிடம் ஓர் ஆட்டத்தைக்கூட வெல்லாமல் தொடரை இழந்து வீட்டுக்குப் போனார்கள். ஒரு ரன் ஆட்டங்களில் பெரும்பங்கு அதிர்ஷ்டம். அவுட்டுகளைச் சேமிப்பது மட்டுமே நம் கையில் இருக்கிறது.

பாலைப்பாம்பு:
வென்றால் அதிர்ஷ்டம், தோற்றால் கணக்கு! இவ்வளவு வசதியான கோட்பாடு எனக்கும் ஒன்று கிடைத்தால் நன்றாக இருக்கும். 2020 முதல் கூடுதல் இன்னிங்ஸ்களில் இரண்டாம் பேஸில் ஒரு ரன்னரைச் சும்மாவே நிறுத்தி வைக்கிறார்களே, அந்த நிலைக்கு உங்கள் அட்டவணை என்ன சொல்கிறது? ஒரு ரன்னாவது வருவதற்கு 61 விழுக்காடு என்றிருப்பது, பண்ட் செய்து அவரை மூன்றாம் பேஸுக்கு நகர்த்தினால் 66 ஆகிறது. இது உங்கள் அட்டவணை, என்னுடையது இல்லை.

கணக்கப்பிள்ளை:
அது இரண்டாம் பேஸிலிருந்து தொடங்கும் நிலை, ஒரே ஒரு ரன் போதுமென்ற நிலை. அதை நான் எங்கும் மறுக்கவில்லை. மில்லர் வந்தபோது டெலுச்சி நின்றது முதல் பேஸில்.

பாலைப்பாம்பு:
டெலுச்சி முதல் பேஸில் நின்றார், மில்லர் பண்ட் செய்தார், டெலுச்சி இரண்டாம் பேஸில் நின்றார், ஓர் அவுட்டும் விழவில்லை. இதை எத்தனை முறை எழுதினாலும் நடந்தது மாறப்போவதில்லை.

கணக்கப்பிள்ளை:
எறிந்த பந்து தவறாமல் ஜீட்டரின் கையுறைக்குள் போயிருந்தால் டெலுச்சி அவுட். இதையும் எத்தனை முறை வேண்டுமானாலும் எழுதுவேன்.

எடிசன்வாசி:
டோரி ஃபீல்டர்களைப் பின்னால் நிறுத்தியிருந்தால் நீங்கள் இருவருமே இன்று எழுதிக்கொண்டிருக்க மாட்டீர்கள்.

பாலைப்பாம்பு:
ரிவேரா ஏன் அப்படி எறிய நேர்ந்தது என்பதைப் பற்றியும், மில்லர் எந்தப் பக்கமாகப் பந்தைத் தட்டினார் என்பதைப் பற்றியும் நாளை விரிவாக எழுதுகிறேன். அதற்குள் யாரும் புதிய அட்டவணையைக் கொண்டுவந்து திரியைக் கெடுக்க வேண்டாம்.

பகடைமன்னன்:
விரிவாக எழுதும்போது அந்த மாற்றுக் கெடுவை ஏன் ஒரு வாரம் தள்ளினீர்கள் என்பதையும் சேர்த்து எழுதுங்கள். இன்னும் பதில் வரவில்லை.