மறு: மறு: 'கேஃபேப்' தமிழில்? வியாழன் மாலைக்குள் வேண்டும்

தட்டச்சுப்பூச்சி, திங்கள் இரவு

குழுமத்தாருக்கு வணக்கம். பெண்கள் விளையாட்டு வரலாறு பற்றிய ஒரு தொகுப்பைத் தமிழாக்கிக்கொண்டிருக்கிறேன். நீச்சலும் டென்னிசும் சிக்கலில்லாமல் முடிந்தன. 1930களின் பிற்பாதியிலிருந்து 50கள் வரை அமெரிக்க மல்யுத்த மேடைகளில் கொடிகட்டிப் பறந்த மில்ட்ரெட் பர்க் கட்டுரைக்கு வந்ததும் வண்டி நின்றுவிட்டது. பக்கத்துக்கு நாலு இடத்தில் 'கேஃபேப்'.

தெரியாதவர்களுக்காக: காசுக்கு நடக்கும் அந்த மல்யுத்தத்தில் யார் ஜெயிப்பது என்பதை முன்பே பேசி முடித்துவிடுவார்கள். பேசி முடித்ததை வெளியாருக்குக் காட்டிக்கொள்ளாமல், மேடையை விட்டு இறங்கிய பிறகும் பகையாளி பகையாளியாகவே நடமாட வேண்டும். அந்தக் கட்டுப்பாட்டின் பெயர்தான் கேஃபேப். கூடவே இன்னும் இரண்டு சொற்கள் ஒட்டிக்கொண்டு வருகின்றன. பேசிவைத்து ஆடினால் 'வொர்க்'. பேச்சில்லாமலோ பேச்சை மீறியோ நிஜமாகவே மோதினால் 'ஷூட்'. இப்போதைக்கு ரகசியம், பொய்ச்சண்டை, நிஜச்சண்டை என்று போட்டு வைத்திருக்கிறேன். எனக்கே பிடிக்கவில்லை. கை கொடுங்கள்.

நிரலி, செவ்வாய் காலை

அக்கா, அப்படியே 'கேஃபேப்' என்று போட்டுவிட்டுப் போங்கள். டபிள்யூ.டபிள்யூ.எஃப். (அமெரிக்க மல்யுத்த நிறுவனம்) சீட்டு வைத்து வகுப்பில் கடைசி பெஞ்சில் விளையாடிய தலைமுறைக்கு அது தெரியும், தெரியாதவர்களுக்கு நீங்கள் என்ன சொல் போட்டாலும் தெரியாது. 1954 நவம்பரில் இதே மில்ட்ரெட் பர்க் ஜப்பானுக்குப் போய் ஆடினார். அங்கே பெண்கள் மல்யுத்தம் வேர்பிடித்ததில் அந்தப் பயணத்துக்குப் பெரிய பங்கு உண்டு. ஜப்பான்காரர்கள் கலைச்சொல் குழு போட்டா உட்கார்ந்தார்கள்? 'புரோரெசு' என்று வெட்டி எடுத்துக்கொண்டார்கள். அவர்கள் மொழி ஒன்றும் செத்துப்போகவில்லை.

புலவர், செவ்வாய் முற்பகல்

தம்பி நிரலிக்கு: சப்பானியர் பிறமொழிச் சொல்லை எழுதத் தனி எழுத்தே வைத்திருக்கிறார்கள். வந்தவன் யார், வீட்டுக்காரன் யார் என்று பார்த்தவுடன் தெரியும். நமக்கு அந்த வேலி இல்லை.

அம்மையாருக்கு: முதலில் 'மல்யுத்தம்' என்பதை விடுங்கள். பாதித் தமிழ், பாதி வடமொழி. மல்லும் போரும் சேர்ந்தால் மற்போர். அடுத்து, தாங்கள் தேடும் இரண்டு சொற்களும் தொல்காப்பியத்திலேயே இருக்கின்றன. "நாடக வழக்கினும் உலகியல் வழக்கினும்" என்ற அகத்திணையியல் நூற்பாவைப் பாருங்கள். பேசிவைத்து ஆடுவது நாடக வழக்கு. நிகழ்ந்தபடி நிகழ்வது உலகியல் வழக்கு. இரண்டும் கலந்தது புலனெறி வழக்கம். ஈராயிரம் ஆண்டாகச் சொல் தயாராக இருக்க, நாம் அமெரிக்கச் சந்தைக்கூடாரத்தில் போய்ப் பிச்சை கேட்கிறோம்.

கேஃபேப் என்பது ஊர் ஊராகக் கூடாரம் போட்டு வேடிக்கை காட்டிய கேளிக்கைச் சந்தைக்காரர்கள் தங்களுக்குள் வைத்துக்கொண்ட குழூஉக்குறி என்பார்கள். பொற்கொல்லர் பொன்னைப் 'பறி' என்றது போல. குழூஉக்குறியைக் குழூஉக்குறியாகத்தான் பெயர்க்க வேண்டும். வேடர் கள்ளைச் 'சொல்விளம்பி' என்றார்களே, என்ன அழகான சொல்! உள்ளே போனால் உள்ளதைச் சொல்லவைப்பது. நமக்கு வேண்டியது அதற்கு நேரெதிர், சொல்லாமல் காப்பது. 'சொல்லடக்கி' என்று வைக்கலாமா?

பி.கு. மல் தமிழே. "மல்லல் வளனே" என்பது உரியியல். மல்லன் வடக்கிலிருந்து வந்தவன் என்று யாரும் கிளம்ப வேண்டாம்.

(மட்டுறுத்தர்: கிளம்பினார்கள். மல் எந்த மொழி என்பது பற்றிய பதினொரு மடல்களைத் தனி இழைக்கு மாற்றியிருக்கிறேன். மாமல்லபுரத்தின் பெயர்க்காரணமும் அங்கேதான்.)

தட்டச்சுப்பூச்சி, செவ்வாய் பிற்பகல்

ஐயா, நாடக வழக்கைப் படித்ததும் மெய்சிலிர்த்தது. ஆனால் கட்டுரையில் வைத்துப் பார்த்தால் உதைக்கிறது. 1951 ஜூலையில் ஓஹையோவில் ஈஸ்ட் லிவர்பூல் என்ற ஊரில் ஜேனட் உல்ஃப் என்ற 18 வயதுப் பெண் ஒரே இரவில் இரண்டு முறை ஆடினாள். இரண்டாவது ஆட்டத்தில் சுருண்டு விழுந்தவள் பிறகு எழவே இல்லை. யார் ஜெயிப்பது என்று பேசிவைத்தார்கள், சரி. பலகைமேல் விழுந்த உடம்பு யாருடையது? 'நாடக வழக்கின்போது இறந்தார்' என்று எழுதக் கை வரவில்லை. என் 'பொய்ச்சண்டை'யையும் அப்போதே அடித்துவிட்டேன்.

பர்க்கின் தொடக்கமும் அப்படித்தான். மல்யுத்தப் பயிற்சியாளரும் போட்டி ஏற்பாட்டாளருமான பில்லி உல்ஃபிடம் போய் எனக்கும் கற்றுக்கொடு என்று கேட்டபோது, அவளை விரட்டுவதற்காக ஓர் ஆணை விட்டுத் தூக்கிப் போடச் சொன்னாராம். இவள் அவனைத் தூக்கிப் போட்டாள். பர்க்கே சொல்லிவந்த கதை. பிறகு அந்த உல்ஃபையே மணந்து, சந்தைக்கூடாரங்களில் ஆண்களோடு பொருது பெயர் வாங்கினாள்.

சேலத்துக் கம்பு, செவ்வாய் இரவு

சிலம்பத்துல அலங்காரச் சிலம்பம், போர்ச் சிலம்பம்னு ரெண்டு இருக்கு. அலங்காரம்னா யாரும் பொய்னு சொல்றதில்ல. மணிக்கட்டுல பட்டா அதுவும் வீங்கத்தான் செய்யும். 'அலங்கார மல்', 'போர் மல்'னு வைக்கலாம்.

கேஃபேப்புக்கு எனக்குக் கூத்துதான் ஞாபகம் வருது. சின்ன வயசுல விடியக்கால மூணு மணிக்குப் பந்தலுக்குப் பின்னாடி போனேன். துரியோதனன் கிரீடத்தோட திண்ணையில உக்காந்து டீ குடிச்சிட்டிருந்தாரு. கிளாஸ் விளிம்புல அரிதாரம் சிவப்பா ஒட்டியிருந்துச்சு. எங்க தெருவுல பால் ஊத்தற மாமாதான். நான் "மாமா"ன்னேன். திரும்பிக்கூடப் பாக்கல. மீசைய முறுக்கிட்டு ஒரு உறுமல். ஓடியே வந்துட்டேன். காலைல அதே மாமா வீட்டுக்குப் பால் கொண்டாந்து "ஏண்டா பயந்துட்டியா"ன்னாரு. வேஷம் கலைக்கிறவரைக்கும் வேஷத்தக் காப்பாத்தணும், அதான் விஷயம். 'வேஷங்காப்பு'ன்னு வைங்க.

வடமராட்சியான், புதன் காலை

வேஷங்காப்பு வடிவான சொல்லுத்தான். ஆனா எங்கட பக்கம் காப்பெண்டா முதல்ல கையில போடுற காப்புத்தான் நினைவுக்கு வரும். வேஷத்துக்குப் போடுற காப்பு எண்டு சனம் விளங்கிக்கொள்ளும். பர்க்கும் கல்லுப் பதிச்ச அங்கியோடதானே மேடைக்கு வாறவா, ஆனபடியால் பாதி பொருந்தும். 'மூடுமந்திரம்' எண்ட சொல் ஏற்கனவே இருக்குதே, அதை ஏன் ஒருத்தரும் எடுக்கேல்லை?

நிரலி, புதன் காலை

மூடுமந்திரம் என்றால் வெளியாருக்குத் தெரியவே தெரியாத விஷயம். இது எல்லோருக்கும் தெரிந்தும் யாரும் வாய் திறக்காத விஷயம். அதற்குச் சிதம்பர ரகசியம்தான் சரி. திரையை விலக்கினால் உள்ளே இருப்பது... (போதும், இதையும் தனி இழைக்கு மாற்றிவிடுவார்கள்.) திரையை விலக்கியதும் ஒரு கதை. 1989-ல் நியூ ஜெர்சி மேலவையில் டபிள்யூ.டபிள்யூ.எஃப். தரப்பே வந்து எங்களுடையது கேளிக்கைதான் என்று ஒத்துக்கொண்டது. விளையாட்டு என்று சொன்னால் அரசின் கட்டுப்பாடு கழுத்தைப் பிடிக்கும், அதனால். அத்தனை வருஷம் காத்த ரகசியம் வரிக்கணக்கில் போனது.

தட்டச்சுப்பூச்சி, புதன் மதியம்

அதே 1989-ல்தான் பர்க் இறந்தார்.

நான் திணறுவது ஒரே ஒரு பத்தியில், அதைச் சொல்லிவிடுகிறேன். 1954 ஆகஸ்ட் 20, அட்லாண்டா. பர்க்கும் ஜூன் பையர்ஸ் என்ற இன்னொரு பெண்ணும் மோதினார்கள். பர்க் அதற்குள் உல்ஃபைப் பிரிந்துவிட்டார். தொழிலோ உல்ஃப் கையில். பையர்ஸ் உல்ஃபின் மகனை மணந்தவர். மூன்றில் இரண்டு முறை வீழ்த்தினால் பட்டம். முதல் வீழ்ச்சி பையர்சுக்குப் போயிற்று. முழங்கால் நழுவியதால் நானே விட்டுக்கொடுத்தேன் என்றார் பர்க். இரண்டாவது முடியவே இல்லை, இழுத்துக்கொண்டே போனது. அதிகாரிகள் நடுவில் நிறுத்திவிட்டார்கள். இரண்டு வீழ்ச்சி ஆகவில்லை, பட்டம் என்னிடம்தான் என்று நினைத்துக்கொண்டு பர்க் இறங்கிப் போனார். உல்ஃப் தரப்பு பையர்சைப் பட்டத்தரசி என்று அறிவித்து அதையே ஊரெங்கும் பரப்பியது.

இதுதான் அந்தத் தொழிலில் பெயர்போன 'ஷூட்'. பர்க் வெளியே வந்து என்னை ஏமாற்றிவிட்டார்கள் என்று கத்த முடியுமா? இன்றைக்கு மட்டும் நிஜமாக மோதினோம் என்றால் நேற்று வரை மோதியது என்ன என்று கேட்பார்கள். வாயை மூடித்தான் ஆக வேண்டும். நீங்கள் கொடுக்கும் சொல்லுக்குள் அந்த வாய்ப்பூட்டும் வர வேண்டும். சிதம்பர ரகசியம் என்றால் சிரிப்புத்தான் வருகிறது.

புலவர், புதன் மாலை

ஏற்கிறேன். 'ஷூட்' என்பதற்கு 'மெய்ம்மல்' என முன்மொழிகிறேன். மெய் என்றால் உண்மை.

நூற்பாநோண்டி, புதன் மாலை

மெய் என்றால் உடம்பும்தானே ஐயா? அப்படியானால் ஜேனட் உல்ஃப் செத்த ஆட்டமும் மெய்ம்மல்தான். எது பேசிவைத்தது, எது வைக்காதது என்று பிரிக்கக் கிளம்பி இரண்டையும் ஒரே சொல்லில் கட்டிவிட்டீர்கள்.

புலவர், புதன் இரவு

அதுவே அச்சொல்லின் சிறப்பு. நிற்க. 'லேடி ரெஸ்லர்' என்பதற்கு யாரும் சொல் தரவில்லையே? 'வீராங்கனை' வேண்டாம். குறுந்தொகை 31-இல் ஆதிமந்தியார் "யானுமோர் ஆடுகள மகளே" என்கிறார். அதே பாட்டில் மள்ளரும் கூடுகிறார்கள். ஆடுகள மகள்! இதைவிட என்ன வேண்டும்?

நிரலி, புதன் இரவு

அது துணங்கைக் கூத்து ஐயா. மள்ளர் வேறு, மல்லர் வேறு. 'மல்லாட்டி' என்று வைத்தால் விழுப்புரத்தில் வேர்க்கடலை என்று நினைத்து உரித்துவிடுவார்கள். எத்தெல் ஜான்சன், பாப்ஸ் விங்கோ, மார்வா ஸ்காட் என்று மூன்று கறுப்பினச் சகோதரிகள் 50களில் ஆடினார்கள். 'ரெஸ்லர்' என்று மட்டும் போடாமல் நிறத்தையும் 'கேர்ள்' என்பதையும் சேர்த்துத்தான் அவர்களை விளம்பரப்படுத்தினார்கள். இங்கேயாவது வெறும் மல்யுத்தர் என்று விடுவோமே.

தட்டச்சுப்பூச்சி, புதன் இரவு

மல்யுத்தர். எடுத்துக்கொண்டேன்.

புலவர், வியாழன் காலை

நல்லது. வேஷங்காப்பு என்பதில் ஷகரத்தை நீக்கி வேடம் ஆக்குங்கள். ஆக்கினால் அது 'வேடக்காப்பு'. மரம், கிளை, மரக்கிளை. மகரம் கெட்டு வல்லினம் மிகும்.

நூற்பாநோண்டி, வியாழன் காலை

வேடத்தைக் காப்பது. இரண்டாம் வேற்றுமை. மரங்கொத்தி போல வேடங்காப்பு.

புலவர்: கொத்தி என்பது செய்பவனைக் குறிக்கும் பெயர். காப்பு தொழிற்பெயர். உவமை பொருந்தாது.

நூற்பாநோண்டி: சரி, அறங்காவலர்? எந்தக் கோயிலுக்காவது போய் 'அறக்காவலர் இருக்கிறாரா' என்று கேட்டுப் பாருங்கள்.

புலவர்: காவலரும் செய்பவரே. நான் தொழிற்பெயருக்குச் சான்று கேட்டேன்.

மட்டுறுத்தர், வியாழன் நண்பகல்

மணி பன்னிரண்டரை. எண்ணிவிட்டேன்: வேடங்காப்பு 6, கேஃபேப் என்றே விடுவது 4, மூடுமந்திரம் 2, வேடக்காப்பு 1. அந்த ஒன்று யாருடையது என்று சொல்லத் தேவையில்லை. 'வொர்க்', 'ஷூட்' இரண்டுக்கும் எதுவும் தேறவில்லை. அலங்கார மல்லுக்கு மூன்று பேர் கை தூக்கினார்கள், அதில் ஒருவர் இப்போது இறக்கிவிட்டார்.

தட்டச்சுப்பூச்சி, வியாழன் இரவு

அனுப்பிவிட்டேன். முதல் இடத்தில் 'கேஃபேப் எனப்படும் வேடங்காப்பு', பிறகு வேடங்காப்பு மட்டும். அட்லாண்டா பத்தியில் சொல்லே போடவில்லை. "அன்று யார் விழுவது என்று யாரும் பேசிவைக்கவில்லை" என்று எழுதினேன். 'ஃபால்' வந்த இடமெல்லாம் வீழ்ச்சி. சேலத்து அண்ணனுக்கு நன்றி, உங்கள் பால்கார மாமாவுக்கும்.

புலவர், வியாழன் இரவு

அம்மையீர், வாக்கியம் கலைச்சொல் ஆகாது. நாளை இன்னொருவர் இதே நூலைப் பெயர்க்கும்போது உங்கள் வாக்கியத்தை எடுத்து அகராதியில் வைப்பாரா? தவிர, வீழ்ச்சி என்பது அரசுகளுக்கு நேர்வது. புறநானூறு 80-இல் ஆமூர் மல்லனைச் சாய்த்தவன் ஒரு காலை அவன் மார்பில் ஊன்றி நிற்பதைச் சாத்தந்தையார் காட்டுகிறார். அது வீழ்ச்சியன்று, ஊன்றல். 'முதல் ஊன்றல் பையர்சுக்குப் போயிற்று' என்று படித்துப் பாருங்கள். அச்சுக்குப் போகும் முன் மாற்ற முடியுமா?

தட்டச்சுப்பூச்சி, வெள்ளி காலை

மெய்ப்பு வரும்போது பார்க்கிறேன் ஐயா.