கைதட்டிய கை

‘சிம்பா’ என்ற இந்திப் போலீஸ் படம் வந்த 2018 டிசம்பரில் மும்பையில் வேலை பார்த்தேன். பாலியல் வன்கொடுமை செய்தவர்களைக் காவல் நிலையத்துக்குள்ளேயே சுட்டுவிட்டு, தற்காப்பு என்று கணக்குக் காட்டும் காட்சியில் அரங்கம் முழுக்க விசில். நானும் அடித்தேன்.

ஒரு வருஷம் முழுதாக முடியவில்லை. ஹைதராபாத் அருகே கால்நடை மருத்துவரைக் கொன்ற வழக்கில் பிடிபட்ட நான்கு பேர் போலீஸ் காவலிலேயே சுடப்பட்டார்கள். போலீஸ் மேல் மக்கள் பூத்தூவினார்கள். நானும் வாட்ஸ்அப்பில் கைதட்டினேன்.

அடுத்த மாதமே எங்கள் கட்டிடத்துக்குக் கீழே டீ கொடுக்கும் பையனை, செல்போன் திருடியதாக அழைத்துப் போய்விட்டார்கள். கடைக்காரரோடு நானும் ஸ்டேஷனுக்குப் போனேன். சுவரோரம் தரையில் உட்கார்ந்திருந்தான். இடது காது சிவந்து வீங்கியிருந்தது. தண்ணீர் கொடுத்தால் டம்ளரைப் பிடிக்க முடியவில்லை, கை அப்படி நடுங்கியது. அப்போதும் என் மனசில் ஓடியது, ‘ஏதோ செஞ்சிருப்பான், சும்மாவா அடிப்பாங்க?’ என்பதுதான். மறுநாள் போன், புகார் கொடுத்தவர் வீட்டு சோபா இடுக்கிலேயே கிடைத்தது. பையன் ஊருக்குப் போனவன் திரும்பவே இல்லை.

இதை விசாரிக்க உச்ச நீதிமன்றம் அமைத்த சிர்புர்கர் ஆணையம் 2022இல், ஹைதராபாத்தில் கொல்லும் நோக்கத்தோடுதான் சுட்டார்கள் என்றது. நால்வரில் மூன்று பேருக்கு 18 வயதுகூட ஆகவில்லை என்றும் சொன்னது. படித்தபோது அந்தக் காதுதான் கண்ணுக்குள் நின்றது.

—

இது இன்னொருவர் எழுதுவது: நான் மும்பையில் வக்கீல். கைது செய்தால் 24 மணி நேரத்துக்குள் மாஜிஸ்திரேட் முன் நிறுத்த வேண்டும், அரசியல் சாசனமே சொல்கிறது. ஆனால் புகார் கொடுத்த குடும்பங்கள் என்னிடமே கேட்கிறார்கள், “இவனை எதுக்கு சார் கோர்ட்டுக்குக் கூட்டிட்டு வர்றாங்க?” என்று. நம் ‘சிங்கம்’ 2011இல் ‘சிங்கம்’ ஆகவே இந்திக்குப் போனதிலிருந்து இந்தக் கேள்வி அதிகமாகிவிட்டதாக எனக்குப் படுகிறது. வழக்கு இழுத்துக்கொண்டே போகும் கோபம் நியாயம்தான், அதை நான் தினமும் பார்க்கிறேன்.

ஆனால் இந்தியிலேயே 1983இல் ‘அர்த் சத்யா’ வந்தது. ஓம் புரியின் சப் இன்ஸ்பெக்டர் லாக்கப்பில் ஒரு சின்னத் திருடனை அடித்தே கொன்றுவிடுவார். முதல் தடவை பார்த்தபோது எங்கள் வீட்டில் யாரும் வாய் திறக்கவில்லை. அம்மா எழுந்துபோய் டிவியை அணைத்தாள்.