உழவுக்கு அடியில் இறுகும் மண்: ‘சாலடி இறுகல்’ சரியா?

நண்பர்களுக்கு வணக்கம்.

மண்வளக் கையேடு ஒன்றை மொழிபெயர்க்கும் நண்பர் இங்கே ஒரு சொல் கேட்டிருந்தார். ஒரே ஆழத்தில் வருடக்கணக்காக உழுதால், கலப்பை எட்டும் இடத்துக்குச் சற்றுக் கீழே மண் இறுகி ஓர் அடுக்காகிவிடும். ஆங்கிலத்தில் அதை ‘ப்ளௌ பேன்’ என்பார்கள். அதற்குத் தமிழில் என்ன? கடினத் தட்டு, உழவுப் பாளம், வன்படை, அடிமண் கேடு என்று இதுவரை நான்கு சொற்கள் வந்திருக்கின்றன. எனக்கு ஐந்தாவதாக ஒன்று தோன்றுகிறது. அதற்குமுன் நான் கண்ணால் பார்த்ததைச் சொல்லிவிடுகிறேன்.

போன ஐப்பசியில் எங்கள் தோட்டத்தில் நல்ல மழை. செம்மண் நிலம். பல வருடமாக, மேல்மண்ணை மட்டும் கிளறும் ரோட்டவேட்டரும் ஒன்பது கொத்துக் கலப்பையும் தவிர வேறெதுவும் அங்கே ஓடியதில்லை. மழை விட்ட மூன்றாம் நாளும் பருத்திக் காட்டில் தண்ணீர் நின்றது. ஒரு கம்பியை எடுத்துக் குத்திப் பார்த்தேன். ஒரு சாணுக்குக் கொஞ்சம் குறைவாக, களியில் இறங்குவதுபோல் இறங்கியது. அப்புறம் நின்றுவிட்டது. உடம்புப் பாரத்தைப் போட்டு அழுத்தியும் அசையவில்லை. பத்தடி தள்ளிக் குத்தினேன், அங்கேயும் அதே ஆழம்தான். மண்வெட்டியால் குழி எடுத்தேன். மேலே சொதசொதவென்று சேறு. நடுவில் நான்கு விரற்கடை கனத்துக்கு, ஏடு ஏடாகப் பிரியும் இறுகிய மண். அதற்குக் கீழே புழுதி. அத்தனை மழைக்கும் நனையாத புழுதி! ஒரு பருத்திச் செடியைப் பிடுங்கினால், ஆணிவேர் நேராக இறங்கி வந்து, அந்த அடுக்கைத் தொட்டதும் முழங்கையை மடக்கினாற்போல் பக்கவாட்டில் திரும்பி ஓடியிருந்தது.

வேருக்கும் ஒரு தாங்கும் அளவு உண்டு. மண்ணின் எதிர்ப்பு ஏறத்தாழ 2 மெகாபாஸ்கலைத் (அழுத்தத்தை அளக்கும் அலகு) தாண்டினால் பெரும்பாலான பயிர்களின் வேர் அதற்குமேல் துளைத்துப் போகாது. தண்ணீருக்கும் கீழே வழியில்லை. மேல்மண் ஊறி நிரம்பியபிறகு பெய்கிற மழை எல்லாம் சரிவில்தான் ஓடும், போகும்போது மேல்மண்ணையும் கரைத்துக்கொண்டு போகும். வரப்பு போட்டும் மண் ஏன் அரித்துப் போகிறது என்று கேட்பவர்கள் முதலில் ஒரு குழி எடுத்துப் பார்க்க வேண்டும்.

சரி, சொல்லுக்கு வருகிறேன்.

‘கடினத் தட்டு’ ஏற்கெனவே சில இடங்களில் புழங்குகிறது. ஆனால் கொங்குப் பக்கம் தட்டு என்றால் சோளத்தட்டு. என் சித்தப்பாவிடம் இந்தச் சொல்லைச் சொன்னபோது அவர் மாட்டுத் தீவனத்தைத்தான் நினைத்தார். இதைவிடப் பெரிய சிக்கல், இந்தப் பெயர் இரண்டு வேறு பொருள்களை ஒன்றாக்கிவிடுகிறது. இரும்பு, அலுமினிய ஆக்சைடுகளும் சுண்ணாம்பும் களிமண்ணோடு சேர்ந்து, சிமென்ட் போட்டதுபோல் இறுகி உண்டாகும் அடுக்கு ஒன்று உண்டு. கலப்பையே படாத நிலத்திலும் அது இருக்கும். நாம் பெயர் தேடுவது உழவால் வந்ததற்கு. இவை இரண்டையும் உள்ளடக்கிய பொதுப்பெயராக இலங்கை நண்பர் சொன்ன ‘வன்படை’யை நான் மனதார ஏற்கிறேன். இலங்கையில் படை என்றால் அடுக்கு, ‘ஓசோன் படை’ என்று அங்கே பள்ளிப் பிள்ளைகளே சொல்கிறார்கள். தமிழ்நாட்டுக் காதுக்குப் படை என்றால் முதலில் சேனைதான் நினைவுக்கு வரும். ஆனாலும் நாலு தடவை மண்ணோடு சேர்த்துப் படித்தால் பழகிவிடும்.

‘உழவுப் பாளம்’ அழகான சொல். ஆனால் பாளம் என்றதும் கோடையில் பாளம் பாளமாக வெடித்த மேல்தரைதான் மனதில் வருகிறது. இது வெளியே தெரியாத ஒன்று.

‘அடிமண் கேடு’ என்பதை மட்டும் நான் உறுதியாக மறுக்கிறேன். அதை முன்வைத்தவர் இப்படி எழுதியிருந்தார்:

> விவசாயிக்கு ஆபத்து உடனே புரிய வேண்டும். பெயரிலேயே கேடு என்று இருந்தால் நல்லது.

ஐயா, நெல் வயலை நினைத்துப் பாருங்கள். சேற்றுழவு உழுது, பரம்படித்து, நாம் வேண்டுமென்றே உண்டாக்குவதும் இதே அடுக்கைத்தான். அது இருப்பதால்தான் வயலில் தண்ணீர் நிற்கிறது. அதை உடைத்துவிட்டால் நன்செய்க்காரர் எவ்வளவு பாய்ச்சினாலும் கட்டுப்படியாகாது, டிராக்டரும் புதையும். ஒரே அடுக்கு நெல்லுக்குத் தாங்கலாகவும் பருத்திக்குத் தடையாகவும் இருக்கிறது. பெயரே தீர்ப்பு சொல்லிவிடக் கூடாது.

நான் முன்வைப்பது ‘சாலடி இறுகல்’.

சால் என்பது ஏர் போகும் தடம். “ரெண்டு சால் ஓட்டியாச்சா?” என்று டிராக்டர்காரரிடம் இன்றைக்கும் கேட்கிறோம். சாலின் அடி சாலடி. காலடி என்பதுபோல் வாயில் எளிதாக வரும். மாடு பூட்டிக் கவலை இறைத்த காலத்தில் கிணற்றுத் தண்ணீரை அள்ளிய சாலோடு குழம்பும் என்று யாராவது சொல்லலாம். அந்தச் சால் கிணற்றோடு போய்விட்டது, உழவுச் சால் இன்னும் தினமும் புழங்குகிறது. ஆங்கிலம் இதைப் பாத்திரமாகப் பார்க்கிறது. பிரெஞ்சும் ஜெர்மனும் செருப்பின் அடிப்பகுதியைக் குறிக்கும் சொல்லை உழவோடு சேர்த்து, உழவின் அடி என்ற பொருளில் சொல்கின்றன. சாலடி அவற்றுக்குப் பக்கத்தில் இருப்பதை நான் பிறகுதான் கவனித்தேன், மகிழ்ச்சியாக இருந்தது.

இந்தச் சொல்லில் எனக்கு முக்கியமாகப் படுவது, காரணம் பெயரிலேயே இருப்பது. மண் தானாக இறுகவில்லை, நாம் ஓட்டிய சாலுக்கு அடியில் இறுகியிருக்கிறது. அப்படியானால் சாலின் ஆழத்தை மாற்றுவது நம் கையில் இருக்கிறது. அப்புறம், இதைப் பேச்சில் வினையாக்கவும் முடியும்: “காடு சாலடி இறுகிப்போச்சு.” கடினத் தட்டை இப்படிப் பேச முடியாது.

‘அகல உழுவதிலும் ஆழ உழு’ என்று பெரியவர்களே சொல்லியிருக்கிறார்களே, பிறகெப்படி இறுகும் என்று ஒரு நண்பர் கேட்டிருந்தார். ஆழம் எதுவானாலும் வருடாவருடம் அதே ஆழம் என்றால் இறுகும். அதுவும் ஈரம் காயாத மண்ணில் கனத்த டிராக்டரை இறக்கினால் சீக்கிரமே இறுகும்.

உடைக்கும் வேலையை ‘சாலடி பிளத்தல்’ எனலாம். அதற்கான கருவிக்கு ‘உளிக் கலப்பை’ என்ற நல்ல பெயர் ஏற்கெனவே நிலைத்துவிட்டது, அதைத் தொட வேண்டாம். கையேட்டுக்காக ஒரு பத்தி எழுதிப் பார்த்தேன்:

“புன்செயில் சாலடி இறுகியிருந்தால் உளிக் கலப்பையால் 50 செ.மீ. இடைவெளியில் நெடுக்கிலும் குறுக்கிலும் 45 செ.மீ. ஆழம்வரை பிளக்கவும். மண் காய்ந்திருக்க வேண்டும். ஈரத்தில் ஓட்டினால் இறுகல் நொறுங்காது, கத்தி போட்டதுபோல் கீறல்தான் விழும். பிறகு ஹெக்டேருக்கு 12.5 டன் தொழு உரம் இடவும். துவரை, ஆமணக்கு போன்ற ஆழவேர்ப் பயிர்களை இடையிடையே பயிரிட்டால் பிளந்த வழி மூடாமல் இருக்கும்.”

எங்கும் இடறாமல் படிக்க முடிகிறதா என்று மொழிபெயர்க்கும் நண்பர் சொல்ல வேண்டும்.

டெல்டாக்காரர்களிடம் ஒரு கேள்வி. நடவு நடும்போது சேற்றில் கால் புதைந்துகொண்டே போய், ஓரிடத்தில் கெட்டியாக நிற்குமே, அந்த இடத்துக்கு உங்கள் ஊரில் ஏதாவது பெயர் உண்டா? நட்டுப் பழகிய அம்மாக்களிடம் கேட்டு எழுதுங்கள். அப்படி ஒரு சொல் கிடைத்தால் என் சொல்லை விட்டுவிட்டு அதையே எடுத்துக்கொள்ளலாம்.